ஒரு பக்கம் இரண்டு ரூபாய்

சூளகிரி தாலுகா ஆபீஸ் எதிரே
முத்திரைத்தாள் விற்பவருக்கும் டீக்கடைக்கும் நடுவில்
எட்டடிக்கு ஆறடி, என் ஜெராக்ஸ் கடை.
ஒரு பக்கம் இரண்டு ரூபாய்.
முன்னும் பின்னும் மூன்று.

இந்த வட்டத்து நிலம் முழுக்க
ஒருமுறையாவது என் கண்ணாடிமேல்
குப்புறப் படுத்து எழுந்திருக்கிறது.
அடிவயிற்றில் பச்சை வெளிச்சம் ஊர்ந்து போகும்.
கொள்ளு விதைத்த மேட்டாங்காடு,
சொட்டுநீர் போட்ட தக்காளிச் செம்மண்,
குவாரிக்காரன் தின்றுவிட்டு மீதி வைத்த பாறை,
எல்லாம் ஒரே சூட்டில் வெளியே வரும்.
புலப்படத்தில் கிணறு ஒரு சின்ன வட்டம்.
தண்ணீர் இருக்கிறதா என்று
அது சொல்லாது.

சிப்காட் வரப்போகிறது என்கிறார்கள்.
ரோடு வந்துவிட்டது,
ரோட்டு நடுவில் அரளியும் பூத்துவிட்டது.
பெங்களூர் வண்டிகள் இன்ஜினை அணைப்பதில்லை.
டிரைவர் மட்டும் இறங்கி வருவார்:
நாற்பது பக்கக் கிரயப் பத்திரம், ஐந்து செட்,
ஸ்பைரல் போட்டு.
மீதிச் சில்லறை வேண்டாம் என்பார்.

கெம்பம்மா டவுன் பஸ்ஸில் வருவாள்.
வாரிசுச் சான்று மடிப்பெல்லாம் கிழிந்திருக்கும்.
“மொதப் பக்கம் மட்டும் போடும்மா,
ரெண்டாவதுல என்ன இருக்கப்போவுது?”
இரண்டாவதில்தான்
அவள் பெயர் இருக்கிறது.
காசு வாங்காமல் போட்டுக் கொடுத்தேன்.

போன புதன்கிழமை
ஆபீஸ் மிஷினில் மை தீர்ந்துபோய்
எழுபத்தொரு பக்கம் என்னிடம் வந்தது.
கொண்டுவந்தவர் கிராம உதவியாளர் லகுமய்யா.
இழப்பீட்டுப் பட்டியல்.
புல எண், பரப்பு, உரிமையாளர், தொகை.
பார்க்காமல்தான் போட்டுக்கொண்டிருந்தேன்.
முப்பத்தெட்டாம் பக்கத்தில் கை நின்றது.

214 / 2 பி.

நானும் தம்பியும்
பெருக்கல் வாய்ப்பாட்டுக்கு முன்னால் படித்த எண்.
நான் நடக்கப் பழகிய வருஷம்
உச்சவரம்புக்கு மேல் உபரி என்று எடுத்து
ஒரு ஏக்கர் எழுபது சென்ட்
அப்பாவுக்கு எழுதினார்கள்.
ஒப்படைப்பு ஆணை என்று பெயர்.
ஒப்படைத்தது ஆணையை மட்டும்.

அப்பா ஏர் கட்டிக்கொண்டு போன காலையில்
வரப்பின்மேல் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்கள்.
யாரும் அடிக்கவில்லை.
மோர் கொடுத்தார்கள்,
கொட்டாங்குச்சியில்.
“கோர்ட்டுல இருக்குது திம்மராயா,
முடியட்டும், நீயே ஓட்டிக்கோ.”
அப்பா முடிந்துபோனார்.
கேஸ் இன்னும் இருக்கிறது.

உரிமையாளர் கட்டத்தில்
நாற்காலிக்காரரின் பேரன்.
தொகைக் கட்டத்தில் சைபர்களை
விரல் வைத்து எண்ணினேன்.
அவ்வளவு பணம் பார்க்க
இந்த மிஷின் அறுபது லட்சம் பக்கம் தள்ள வேண்டும்.
கவுன்ட்டரில் இதுவரை ஓடியது
நாலு லட்சத்துச் சொச்சம்.

“ஏம்மா, பேப்பர் சிக்கிக்கிச்சா?”
ஆமாம் என்றேன்.
மூடியைத் திறந்து உருளையைத் தொட்டேன்.
சுட்டது.
மூடினேன்.

நூற்று நாற்பத்திரண்டு ரூபாய்.
ஆபீஸ் கணக்கில் எழுதிக்கொள்ளச் சொன்னார்.
எழுதினேன், மார்ச் மாத பாக்கிக்குக் கீழே.

முப்பத்தெட்டாம் பக்கம் இரண்டு முறை ஓடியதை
யார் கணக்கிலும் எழுதவில்லை.
மேஜை டிராயரில்,
லேமினேஷன் செய்து வைத்த அப்பாவின் ஆணைமேல்
அதை வைத்தேன்.
இரண்டிலும் ஒரே எண்.
ஒன்றில் இன்னும் சூடு இருந்தது.

திங்கட்கிழமை கிருஷ்ணகிரியில் மனுநாள்.
ஏழரை பஸ்ஸைப் பிடித்தால்
வரிசையில் முதல் ஐம்பதுக்குள் நிற்கலாம்.
கடையில் யாரை உட்காரவைப்பது என்றுதான்
யோசித்துக்கொண்டிருக்கிறேன்.